கொடி காட்டிய தகப்பன்

1

என் மனைவி சுகிர்தா இறந்து இந்த வைகாசியோடு பதின்மூன்று வருடம். திவசத்தன்று காலை, வாழையிலை வாங்க மறந்துவிட்டோம் என்பதைக் கண்டுபிடித்தவள் மூத்த மகள் தாரணி. எங்கள் வீட்டில் மறந்ததைக் கண்டுபிடிக்கிற வேலை எப்போதும் அவளுடையதுதான். கார்த் திறப்பை எடுத்துக்கொண்டு அவள் இறங்க, நானும் கூடவே இறங்கினேன்.

நான் இறங்குவதற்குக் காரணம் உண்டு. கனடாவின் ஸ்காபரோவில், டோர்செட் பார்க் பக்கம், ஒரு கட்டடத்தின் ஒன்பதாவது மாடியில் இருக்கிறோம். நிலத்தடியில் எங்கள் காருக்குக் கிடைத்த இடம் ஒரு பெருத்த தூணுக்குப் பக்கத்தில். பின்பக்கமாக எடுக்கும்போது யாராவது நின்று கை காட்டாவிட்டால் தூணுக்கு ஒரு முத்தம் கொடுத்துவிட்டுத்தான் வெளியே போகலாம். காரின் வலப்பக்கக் கதவு அதற்குச் சாட்சி. ஆகவே யார் கார் எடுத்தாலும் நான் போய் நிற்பேன்.

"வா, வா, வா... ஒடி, இன்னும் ஒடி... காணும். இனிப் போட்டு வா."

சில்லு போதிய அளவு ஒடிந்ததும், போய் வரலாம் என்பதற்கு அடையாளமாக வலக்கையைத் தலைக்கு மேலே தூக்கிக் காட்டுவேன். அதைக் கண்ட பிறகுதான் தாரணி காரை நேராக்குவாள். அவளுக்கு இருபத்தாறு வயது. மார்க்கம் என்ற பக்கத்து நகரில் ஒரு காப்புறுதிக் கந்தோரில் வேலை. ஆனால் அவள் படித்தது அதற்கில்லை. காடுகளைப் பற்றிப் படித்தவள். காட்டுத்தீ எந்தப் பக்கம் ஓடும், எங்கே போய் நிற்கும் என்று முன்கூட்டியே கணித்துச் சொல்கிற படிப்பு. இப்படி ஒரு படிப்பு உலகத்தில் இருப்பதே எனக்கு ஆச்சரியம். அதை என் மகள் படித்தாள் என்பது அதைவிடப் பெரிய ஆச்சரியம். "காடு வெட்டவோ பெட்டையைப் படிப்பிச்சனீர்?" என்று கலியாண வீடுகளில் கேட்டுச் சிரித்தவர்கள் உண்டு.

அந்தப் படிப்புக்கான வேலை தண்டர்பேயில் கிடைத்திருந்தது. காரில் இரண்டு நாள் தூரம். போன வருடமும் கூப்பிட்டார்கள், மறுத்துவிட்டாள். இந்த வருடம் திரும்பவும் கூப்பிட்டிருந்தார்கள். வெள்ளிக்கிழமைக்குள் பதில் சொல்ல வேண்டும். அவள் வாயே திறக்கவில்லை. நானும் கேட்கவில்லை. கேட்டால் போகிறேன் என்று சொல்லிவிடுவாளோ என்று எனக்குப் பயம். வெட்கத்தை விட்டு எழுதுகிறேன்.

2

வாயைப் பிளப்பது என் பிறவிக் குணம். ஊரில் நீங்கள் தொலைபேசியில் பார்த்துச் சலித்துப்போகிற விஷயங்களுக்குக்கூட நான் இங்கே நின்று வாய் பிளப்பேன். அப்படி வாழ்க்கையில் மிக அகலமாகப் பிளந்த தருணம் ஒன்றைச் சொன்னால்தான் மிச்சக் கதை விளங்கும்.

நாற்பது வருடத்துக்கு முன்னால் நான் ஜேர்மனியில் அகதி. கனடாவுக்கு வரமுன் இரண்டு வருடம் அங்கே ஒரு சிறிய பட்டினத்தில், பழைய பள்ளிக்கூடக் கட்டடம் ஒன்றில், இருபது தமிழ்ப் பெடியங்களோடு இருந்தேன். வேலை செய்யக் கூடாது, அனுமதி இல்லாமல் அடுத்த மாவட்டத்துக்குப் போகக் கூடாது. ஓர் அட்டை தந்திருந்தார்கள். அதைக் காட்டினால் சாப்பாட்டுப் பொதி கிடைக்கும். மிச்ச நேரத்துக்கு ஒரு தொலைக்காட்சி.

எங்களில் ஒருவருக்கும் டொச் என்கிற ஜேர்மன் மொழி தெரியாது, ரத்தினம் அண்ணையைத் தவிர. எங்களைவிட ஆறு மாதம் முன்னால் வந்தவர் என்பதே அவருடைய தகுதி. எங்கள் ஊர்களில் ஒருவன் படம் பார்த்துவிட்டு வந்தால் பார்க்காதவர்களுக்கு எழுத்தோட்டம் முதல் சண்டை வரை முழுவதையும் சொல்ல வேண்டும், அது எழுதாத சட்டம். அண்ணை அதில் சூரர். தொலைக்காட்சிக்குப் பக்கத்தில் கதிரையைப் போட்டு, எங்களைப் பார்த்து உட்கார்ந்து, தலையைத் திருப்பித் திருப்பி ஆணுக்கும் பெண்ணுக்கும் குழந்தைக்கும் அவரே தமிழில் பேசுவார்.

நத்தார் என்கிற கிறிஸ்துமஸ் விடுமுறைக்கு முந்தின நாள் பின்னேரம் ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படம் போட்டார்கள். மலையடிவாரத்தில் சின்ன ரயில் நிலையம். நிலைய அதிபருக்கு மனைவி இல்லை, மூன்று பெண் பிள்ளைகள். நிலையத்தின் மேல்மாடியிலேயே வீடு. அந்த மனிதர் சீருடையும் தொப்பியுமாக உருளைக்கிழங்கு சீவுகிறார். தோல் அறாமல் நீளமாக வருகிறது. கடைக்குட்டி அதை எடுத்து மாலையாகப் போட்டுக்கொள்கிறாள். சேற்றுச் சப்பாத்தோடு உள்ளே வந்த தகப்பனை மூத்தவள் இடுப்பில் கை வைத்து ஏசுகிறாள். அவர் பேசாமல் வெளியே போய்க் கழற்றிவிட்டு வருகிறார்!

நாங்கள் இருபது பேரும் திகைத்துப்போனோம். என் அப்பா குசினிக்குள் கால் வைத்து நான் பார்த்ததில்லை. தண்ணீர் வேண்டுமென்றால் விறாந்தையில் இருந்து இருமுவார், அம்மா செம்போடு ஓடுவா. தகப்பன் என்ற மனிதன் இப்படியும் இருக்கலாம் என்பது எனக்கு அன்றுதான் தெரிந்தது. வெளியே கொட்டிக்கொண்டிருந்த பனியைவிட அதுதான் எனக்கு ஜேர்மனியின் பெரிய அதிசயம்.

மூத்தவளுக்குப் பெரிய நகரத்தில் படிக்க இடம் கிடைக்கிறது. பெட்டியோடு ரயிலில் ஏறி யன்னலோரம் நிற்கிறாள். தங்கைகள் மேடையில். ரயிலை அனுப்பும் அடையாளத் தட்டு தகப்பன் கையில்தான். எங்கள் ஊரில் பச்சைக் கொடி, அங்கே பிடி வைத்த ஒரு வட்டத் தட்டு. அதை அவர் தூக்கினால் ரயில் புறப்படும். மகளைப் பார்க்கிறார், தட்டைப் பார்க்கிறார்.

அந்த நேரம் பார்த்து விடுதிப் பொறுப்பாளர் வந்து கை தட்டினார். நாளைக்குக் கந்தோர் பூட்டு, பொதி இப்போதே தரப்படும், எல்லாரும் அட்டையோடு வரிசைக்கு வரவும். அண்ணைக்குக் காய்ச்சல். அவருடைய அட்டையையும் நான் வாங்கிக்கொண்டு ஓடினேன். திரும்பி வந்தபோது படம் முடிந்து வேறு ஏதோ போய்க்கொண்டிருந்தது.

"அண்ணை, என்ன நடந்தது? சொல்லுங்கோ!"

அண்ணை கொஞ்ச நேரம் எங்கள் முகங்களைப் பார்த்தார். பிறகு சொன்னார். "அந்தாள் கொடியைத் தூக்கப் போனான். கை எழும்பேல்லை. ரயிலும் வெளிக்கிடேல்லை. மூத்தவள் பெட்டியோட இறங்கி வந்தாள். வந்து தேப்பனிட்ட என்ன கேட்டவள் தெரியுமோ? 'தங்கச்சியவை சாப்பிட்டாச்சோ?' எண்டு கேட்டாள்."

இருபது ஆண்கள் பாண் பொதியை மடியில் வைத்துக்கொண்டு கண்ணைத் துடைத்தோம்.

3

சுகிர்தா இறந்தபோது தாரணிக்குப் பதின்மூன்று, நடுவிலாள் அபிராவுக்கு ஒன்பது, கடைக்குட்டி மிதுனாவுக்கு நாலு. பள்ளிக்கூடத்தில் இருந்து வருடா வருடம் படிவம் வரும். தாயின் பெயர், தாயின் தொலைபேசி இலக்கம். அந்த இடத்தை நிரப்பாமல் விட்டால் திருப்பி அனுப்புவார்கள். முதல் வருடம் கோடு போட்டேன், திரும்பி வந்தது. இரண்டாம் வருடம் படிவத்தைத் தாரணி வாங்கித் தன்னுடைய பெயரை எழுதினாள். அது திரும்பி வரவேயில்லை.

மிது சாப்பிட மாட்டேன் என்று வாயை இறுக்கி மூடிக்கொள்வாள். அம்மாதான் வந்து தீத்த வேண்டுமாம், வேறு யார் ஊட்டினாலும் வேண்டாமாம். வேறு வழி தெரியாமல் ஒருநாள் அந்தப் படக்கதையைச் சொல்லத் தொடங்கினேன். உருளைக்கிழங்குத் தோல் மாலைக்கு ஒரு வாய். சேற்றுச் சப்பாத்துக்கு ஒரு வாய். கடைசியில் மூத்தவள் ரயிலால் இறங்கி வந்து "தங்கச்சியவை சாப்பிட்டாச்சோ?" என்று கேட்கிற இடத்தில் மிது பெரிதாக வாயைத் திறந்து கடைசிப் பிடியை வாங்கிக்கொள்வாள். எத்தனை வருடம் சொன்னேனோ தெரியாது. அதே மேசையின் மறுபக்கத்தில் இருந்து தாரணி பள்ளிக்கூடப் பாடம் எழுதிக்கொண்டிருப்பாள். அவளும் கேட்கிறாள் என்று நான் ஒருநாளும் நினைக்கவில்லை.

ரத்தினம் அண்ணையின் கதைதான் எனக்குத் தாய் வீட்டுச் சீதனம் மாதிரி வாய்த்தது. உருளைக்கிழங்கு சீவவும், பின்னல் பின்னவும், ஏச்சு வாங்கவும் அந்த மனிதரைப் பார்த்தே பழகினேன். ஆனால் படத்தைத் தேடிப் பார்க்க வேண்டுமென்று எனக்குத் தோன்றவில்லை. தெரிந்த கதையை யார் தேடுவார்?

4

தேடியவள் மிது. இப்போது பதினேழு வயது. சாப்பிட யாரும் கதை சொல்லத் தேவையில்லை, குளிர்சாதனப் பெட்டியின் கதவைத் திறந்தபடியே பாதியை முடித்துவிடுவாள். திவசப் படையல் எல்லாம் முடிந்து, வாழையிலையும் மடித்த பிறகு, கணினியைத் தொலைக்காட்சியோடு இணைத்தாள்.

"அப்பா, அம்மான்ர நாளுக்கு உங்களுக்கு ஒரு சப்ரைஸ். கெஸ் வட்? ஸ்ரேஷன் மாஸ்ரர், த்ரீ டோட்டர்ஸ், ஓல்ட் ஜேர்மன் மூவி எண்டு போட்டுத் தேடினன். இங்கிலிஷ் எழுத்தோட இருக்கு!"

அதே மலை, அதே தொப்பி. நாற்பது வருடம் முன்னால் பார்த்த முகங்கள் ஒரு மயிரும் நரைக்காமல் வந்து நின்றன. ரத்தினம் அண்ணை அங்கங்கே கைச்சரக்குச் சேர்த்திருந்தார் என்பது எழுத்துகளைப் படிக்கத்தான் விளங்கியது. பெரிய குற்றமில்லை. அபிராவும் மிதுவும் சிரித்துச் சிரித்துப் பார்த்தார்கள். தாரணி மட்டும் சோபாவின் ஓரத்தில் கையைக் கட்டிக்கொண்டு இருந்தாள்.

ரயில் நிலையக் காட்சி வந்தது. பொறுப்பாளர் கை தட்டி எங்களை எழுப்பிய அந்த இடத்துக்கு அப்பால் முதல்முறையாகப் போனேன்.

தகப்பன் தட்டைத் தூக்கினார்.

ரயில் போயே போய்விட்டது. மூத்தவள் இறங்கவில்லை. யன்னலில் இருந்து கை காட்டினாள், வளைவில் மறைந்தாள். தகப்பன் தூக்கிய கையை இறக்கவில்லை. வெறும் தண்டவாளத்தைப் பார்த்தபடி நின்றுகொண்டே இருக்கிறார். கடைக்குட்டி வந்து எட்டி அந்தக் கையைப் பிடித்து மெல்லக் கீழே இழுக்கிறாள். மூவரும் மேல்மாடிக்கு ஏறுகிறார்கள். அவ்வளவுதான் படம்.

"வெயிட், அப்பா!" மிது துள்ளி எழும்பினாள். "உங்கட எண்டிங் எங்கை? அவள் திரும்பி வரேல்லையே!"

திரும்பிப் பார்க்கிறேன், தாரணி எழும்பிக் குசினிக்குள் போய், கழுவி வைத்திருந்த கோப்பைகளைத் திரும்பவும் கழுவிக்கொண்டிருக்கிறாள்.

5

நான் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறேன். காலை ஓட்டத்துக்கும் பின்னேர ஓட்டத்துக்கும் இடையில் சில மணித்தியாலம் சும்மா கிடைக்கும். திங்கட்கிழமை மில்லிக்கன் பக்கம் ஒரு பிளாசாவின் பின்னால் பஸ்ஸை நிறுத்திவிட்டு ஜேர்மனிக்குத் தொலைபேசி எடுத்தேன். அங்கே பின்னேரம். ரத்தினம் அண்ணைக்கு எண்பத்துமூன்று வயது, குரல் மட்டும் அப்படியே இருக்கிறது.

"அண்ணை, அந்த ஸ்ரேஷன் மாஸ்ரர் படம் ஞாபகம் இருக்கோ? நேற்றுப் பாத்தனாங்கள். கடைசியில அந்தாள் கொடி காட்டுறார், அண்ணை. பெட்டை போயிடுறாள்."

மறுபக்கத்தில் ஓடிக்கொண்டிருந்த தொலைக்காட்சியை அவர் நிறுத்துவது கேட்டது.

"ஓம் தம்பி. காட்டினவன்தான். நான் பாத்துக்கொண்டு இருந்தனான்."

"பிறகு ஏன் எங்களுக்கு மாத்திச் சொன்னனீங்கள்?"

"உங்கட மூஞ்சையளைப் பாக்கப் பாவமாய் இருந்தது..." என்று தொடங்கியவர் நிறுத்தினார். "இல்லைத் தம்பி, உது பொய். எனக்காகச் சொன்னனான்."

அண்ணைக்கு ஊரில் தாயில்லாத மூன்று பெண் பிள்ளைகள் என்பது அப்போதே எங்கள் எல்லாருக்கும் தெரியும். தெரிந்தும், அந்தப் படத்தை அவர் எங்களுக்குச் சொன்னபோது யாருடைய கதையைச் சொல்கிறார் என்று இருபது மடையர்களில் ஒருவனுக்கும் ஓடவில்லை. இருபத்திரண்டு வயதில் நானும் என் வயிற்றையும் என் விசாவையும் மட்டும்தான் நினைத்தேன்.

"அந்தக் கிழமைதான் ராணியின்ர கடிதம் வந்தது" என்றார். ராணி அவருடைய மூத்த மகள், அப்போது பத்தொன்பது வயது. "ரீச்சருக்குப் படிக்க இடம் கிடைச்சிருக்கு, போய் நிண்டு படிக்க வேணும், போகட்டோ அப்பா எண்டு கேட்டிருந்தாள். சின்னதுகள் ரெண்டையும் ஆர் பாக்கிறது? வேண்டாம் எண்டு எழுத எனக்கு மனம் வரேல்லை. உங்களுக்குச் சொன்ன கதையையே எழுதி அனுப்பினன். இஞ்சை ஒரு படம் பாத்தனான், மூத்தவள் இப்பிடி இறங்கி வந்தவள் எண்டு."

"ராணி அக்கா?"

"போகேல்லை. பிறகு எனக்கு விசா கிடைச்சு, சின்னதுகள் ரெண்டையும் இஞ்சை எடுத்தன். ராணிக்கு வயசு கூடிப்போச்சு, பதினெட்டுக்கு மேலை எண்டால் எடுக்கேலாது எண்டு சொல்லிப்போட்டாங்கள். இப்பவும் அவள் ஊரிலதான், தம்பி. தனிய. ஒருநாளும் என்னோட கோவிச்சதில்லை. கோவிச்சிருந்தால் எனக்கு எவ்வளவு ஆறுதலாய் இருந்திருக்கும்."

பஸ்ஸின் கண்ணாடியில் வெறும் இருக்கைகள் வரிசையாகத் தெரிந்தன. ஒரு நிமிடத்தில் அவர் கட்டிய பொய் நாற்பது வருடமாக நடந்து, கடல் தாண்டி, என் குசினி மேசைவரை வந்து இருந்திருக்கிறது. நானும் அதை ஒரு பருக்கை குறையாமல் பரிமாறியிருக்கிறேன்.

6

அன்று பின்னேரம் தாரணி வேலையால் வந்து சப்பாத்தைக் கழற்ற முன்னமே சொன்னேன்.

"பிள்ளை, நான் சொன்ன முடிவு பிழை. எனக்கும் நேற்றுத்தான் தெரியும்."

கழற்றப் போனவள் அப்படியே நின்றாள். "என்ன அப்பா சொல்லுறீங்கள்? நேற்றுத்தானோ?"

"ஓம். அந்தக் கடைசிக் கட்டம் நாங்கள் பாக்கேல்லை. ரத்தினம் அண்ணை சொன்னதைத்தான் நான் சொன்னனான்."

அவள் கதவடியிலேயே நிலத்தில் உட்கார்ந்துவிட்டாள்.

"அப்பா, நான் பதினாறு வயசிலயே அந்தப் படத்தைத் தேடிப் பாத்திட்டன். கொடி காட்டினது எனக்குத் தெரியும்."

"பிறகு ஏன் சொல்லேல்லை?"

"மிது உங்கட முடிவுக்குத்தானே வாயைத் திறந்தவள்." கொஞ்ச நேரம் சப்பாத்து நாடாவை விரலில் சுற்றிக்கொண்டிருந்தாள். "மற்றது... நீங்கள் தெரிஞ்சுகொண்டுதான் மாத்திச் சொல்லுறீங்கள் எண்டு நினைச்சன். ஐ தோட் யூ வேர் ஆஸ்கிங் மீ. போகாதை எண்டு உங்களுக்கு நேரை சொல்ல ஏலாமல், கதையாய்ச் சொல்லுறீங்கள் எண்டு."

பத்து வருடம்! நான் சோறு தீத்தக் கதை சொல்லிக்கொண்டிருந்தேன். அவள் அதைத் தகப்பன் வைத்த விண்ணப்பமாக வாங்கி, ஒரு வார்த்தை பேசாமல், கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறாள். காட்டில் நெருப்பு எந்தப் பக்கம் திரும்பும் என்று படித்தவளை ஒரு காப்புறுதிக் கந்தோருக்குள் நான் இருத்தி வைத்திருக்கிறேன். அவள் முகத்தில் கோபத்தைத் தேடினேன். இல்லை. ரத்தினம் அண்ணை சொன்ன அந்த ஆறுதல் எனக்கும் கிடைக்கவில்லை. இவ்வளவு பெரிய மனது இந்தச் சின்ன வீட்டுக்குள் எங்கே இருந்தது என்றுதான் வாயைப் பிளந்துகொண்டு நின்றேன்.

நானும் நிலத்தில் உட்கார்ந்தேன். "நான் கேக்கேல்லை, பிள்ளை. ஆனால் போகாமல் இருந்தால் நல்லம் எண்டு உள்ளுக்கை நினைச்சனான். அது உண்மை. இப்ப நான் சொல்லுறதைக் கேள். வெள்ளிக்கிழமை வரைக்கும் பாத்துக்கொண்டிராதை. இண்டைக்கே ஓம் எண்டு எழுது."

"நீங்கள்?"

"எனக்கென்ன? ஏசுறதுக்கு இன்னும் ரெண்டு பேர் இருக்கினம்."

அவள் சிரித்தாள். சிரித்த பிறகு அழுதாள். சப்பாத்து அவள் காலில் அப்படியே இருந்தது.

7

ஆனி மாதத்து முதல் சனிக்கிழமை புறப்பட்டாள். துணைக்கு அபிரா. கொண்டுபோய் விட்டுவிட்டு விமானத்தில் திரும்புவாள். பெட்டிகள், அரிசிக் குக்கர், நான் வறுத்து இடித்த மிளகாய்த்தூள், காட்டுப் படிப்புப் புத்தகங்கள் எல்லாம் ஏற்றியதில் காரின் பின்கண்ணாடி முழுவதும் மறைந்துவிட்டது. தூணோ அங்கேயே நின்றது.

"அப்பா, ஒண்டும் தெரியேல்லை. நீங்கள்தான் காட்ட வேணும்" என்றாள் யன்னலால் தலையை நீட்டி.

போய்த் தூணடியில் நின்றேன். பக்கத்தில் மிது.

"வா... வா... வா... ஒடி, இன்னும் ஒடி..."

கார் தூணைத் தாண்டியது. இனி நான் கையைத் தூக்கினால் அவள் நேராக்கிப் போய்விடுவாள். எத்தனையோ தரம் தூக்கிய கை. அன்றைக்கு அது கனத்தது. அந்த நிலைய அதிபருக்கு அந்தத் தட்டு எவ்வளவு கனத்திருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். காரின் பக்கக் கண்ணாடியில் தாரணியின் கண்கள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தன.

கையைத் தூக்கினேன்.

"காணும். போட்டு வா, பிள்ளை."

"போட்டு வாறன், அப்பா."

கார் சரிவில் ஏறி, வெளிச்சத்துக்குள் போய்த் திரும்பியது. சத்தமும் நின்றது. நான் நின்றுகொண்டே இருந்திருக்கிறேன் போலும். மிது எட்டி என் கையைப் பிடித்து மெல்லக் கீழே இழுத்தாள். அந்தப் படத்தை நினைத்துச் செய்தாளா, தானாகச் செய்தாளா என்று நான் கேட்கவில்லை. இரண்டு பேருமாக மேலே வந்து, புட்டும் சம்பலும் சாப்பிட்டோம்.

கோப்பை கழுவுகிற நேரம் தொலைபேசி அடித்தது. பரி என்ற ஊரைத் தாண்டிக் கோப்பி குடிக்க நிறுத்தியிருக்கிறார்களாம். பின்னால் பெருந்தெருவில் லொறிகள் இரைந்தன. அந்த இரைச்சலுக்குள் தாரணியின் குரல் கேட்டது.

"அப்பா, மிது சாப்பிட்டாளோ?"

தண்ணீர்க் குழாயை மூடினேன்.

"ஓம் பிள்ளை, சாப்பிட்டிட்டாள். நீ பாத்துக் கார் ஓடு."